ஸலாத்தையும் சுருக்கலாமா?

அஸ்ஸலாமு அலைக்கும் வரஹ்மத்துல்லாஹி வபரகாத்துஹு.

அன்புச் சகோதரிகளே! மேலே உள்ள ஸலாத்தை நாம் முழுமையாக எழுதியிருக்கின்றோம். இப்போது உங்கள் கைத்தொலைபேசியை எடுங்கள். நேற்றும் இன்றும் உங்களுக்கு வந்த வாட்ஸ்அப் செய்திகளைப் பாருங்கள். அவற்றில் எத்தனை செய்திகள் முழு ஸலாத்தோடு தொடங்குகின்றன?

வெள்ளவத்தையில் ரியூஷன் வகுப்புக்குப் போயிருக்கும் மகளிடமிருந்து செய்தி வருகிறது. ஏ, எஸ், ஏ என்று மூன்று ஆங்கில எழுத்துக்கள். அதுதான் ஸலாமாம்! "வகுப்பு எத்தனை மணிக்கு முடியும்? வாப்பா கூட்டிக்கொண்டு வர வருவார், தனியே வர வேண்டாம்" என்று நீங்கள் அக்கறையோடு எழுதுகிறீர்கள். பதிலுக்கு ஒரேயொரு எழுத்து வருகிறது: கே. 'ஓகே' என்பதே சுருக்கம். அந்தச் சுருக்கத்திலும் பாதியைத்தான் நமக்குத் தருகிறார்கள். நன்றி சொல்ல வேண்டுமென்றால் ஜே, ஏ, கே. 'ஜஸாகல்லாஹு கைரன்' என்ற அழகான துஆ மூன்று எழுத்துக்களில் அடங்கிவிட்டது.

நபி (ஸல்) அவர்களின் சபைக்கு வந்த ஒருவர் 'அஸ்ஸலாமு அலைக்கும்' என்றார். அவருக்குப் பத்து நன்மை என்றார்கள். அடுத்தவர் 'வரஹ்மத்துல்லாஹ்' என்பதையும் சேர்த்துச் சொன்னார். அவருக்கு இருபது. மூன்றாமவர் 'வபரகாத்துஹு' என்பதையும் சேர்த்தார். அவருக்கு முப்பது. அபூதாவூத், திர்மிதி ஆகிய கிரந்தங்களில் வரும் இந்தச் சம்பவத்தை நாம் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுத்திருக்கின்றோம். சொல் நீள நீள நன்மை கூடுகிறது. அப்படியானால் மூன்று எழுத்து ஸலாத்துக்கு எத்தனை?

ஃபத்வா கொடுப்பது எமது வேலையல்ல. அதை உலமாக்களிடம் கேட்டுக்கொள்ளுங்கள். இந்த எழுத்துக்கள் எங்கிருந்து வந்தன, அவை நம் பிள்ளைகளின் ஆங்கிலத்தையும் தமிழையும் என்ன செய்கின்றன, நம் வீட்டுக்குள் என்ன செய்கின்றன என்பவற்றையே இங்கு உங்களோடு பேச விரும்புகின்றோம்.

சுருக்கம் புதியதா?

முதலில் நாம் நேர்மையாக ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். சுருக்குவதை இந்தக் காலத்துப் பிள்ளைகள் கண்டுபிடிக்கவில்லை. நம் பெரியவர்கள் எழுதிய கடிதங்களின் தலைப்பில் 786 என்று இருக்கும். கடைப் பலகையிலும் கல்யாணக் கார்டிலும் அதே எண்தான். 'பிஸ்மில்லாஹிர் ரஹ்மானிர் ரஹீம்' என்பதன் எழுத்துக்களுக்கு அப்ஜத் கணக்குப்படி உரிய எண்களைக் கூட்டினால் வருவது அது. அல்லாஹ்வின் திருநாமம் எழுதிய தாள் காலடியில் விழுந்துவிடக்கூடாதே என்ற பேணுதல்தான் அதற்குச் சொல்லப்பட்ட காரணம். இந்த வழக்கத்தை ஏற்காத உலமாக்களும் உண்டு.

அவ்வளவு ஏன்? இந்தக் கட்டுரையிலேயே '(ஸல்)' என்று எழுதியிருக்கின்றோமே, அதுவும் சுருக்கம்தானே! ஹதீஸ் கலை மேதை இப்னுஸ் ஸலாஹ் அவர்கள் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே, ஸலவாத்தைச் சுருக்கி எழுதாதீர்கள் என்று எழுத்தர்களுக்குப் புத்தி சொல்லியிருக்கின்றார்கள். அந்தக் காலத்திலும் எழுதுபவரின் கை வலித்திருக்கிறது என்பது தெரிகிறதல்லவா?

ஆங்கிலத்திலும் அப்படித்தான். 'ஓகே' என்ற சொல் 1839 மார்ச் மாதம் அமெரிக்காவின் பொஸ்டன் நகரப் பத்திரிகையொன்றில் வேடிக்கையாக அச்சான சுருக்கம். 'எல்லாம் சரி' என்பதை வேண்டுமென்றே எழுத்துப்பிழையோடு எழுதி, அதன் முதலெழுத்துக்களை எடுத்தார்கள். அந்தப் பகிடி இன்று உலகமெல்லாம் பேசப்படும் சொல்லாகிவிட்டது. வியப்பைக் காட்டப் பிள்ளைகள் எழுதும் ஓ, எம், ஜி என்ற மூன்றெழுத்தும் போனில் பிறந்ததல்ல. 1917ஆம் ஆண்டு பிரித்தானியக் கடற்படைத் தளபதியாக இருந்த ஃபிஷர் பிரபு, சேர்ச்சிலுக்கு எழுதிய கடிதத்தில் அது இருக்கிறது.

தந்தியையும் பாருங்கள். ஒவ்வொரு சொல்லுக்கும் காசு. ஆகவே சொல்லை வெட்டினார்கள். கைத்தொலைபேசியிலும் அதே கதைதான். உலகின் முதல் குறுஞ்செய்தி 1992 டிசம்பர் 3ஆம் திகதி இங்கிலாந்தில் அனுப்பப்பட்டது. ஒரு குறுஞ்செய்தியில் 160 எழுத்துக்கள்தான் கொள்ளும். அந்த 160க்குள் அடக்கத்தான் எழுத்துக்களை விழுங்கத் தொடங்கினார்கள்.

இதில் நமக்குரிய ஒரு விஷயம் இருக்கிறது. அந்த 160 என்பது ஆங்கில எழுத்துக்களுக்கு மட்டுமே. தமிழில் எழுதினால் ஒரு குறுஞ்செய்தியில் 70 இடங்கள்தான். அதிலும் கொம்புக்கும் புள்ளிக்கும் தனித்தனி இடம் போய்விடும். தமிழில் எழுதியவருக்கு இரண்டு, மூன்று செய்திகளின் காசு போயிற்று. அந்நாளைய போன்கள் பலவற்றில் தமிழ் எழுத்தே தெரியாது; வெறும் கட்டங்கள்தான் தெரியும். ஆகவேதான் நாம் தமிழை ஆங்கில எழுத்தில் எழுதத் தொடங்கினோம். சிங்களச் சகோதரிகளும் தங்கள் மொழியை அப்படித்தான் எழுதினார்கள். அன்று அதற்கு நியாயம் இருந்தது. இன்று?

ஆங்கிலம் கெட்டுவிட்டதா?

"மகன் சாதாரண தரப் பரீட்சைக்குப் படிக்கிறான். ஆங்கிலக் கட்டுரையில் 'நீங்கள்' என்பதற்கு 'யூ' என்ற ஒற்றை எழுத்தைப் போட்டிருக்கிறான். போனால் இவன் ஆங்கிலமே நாசமாய்ப் போயிற்று" என்று ஒரு தாய் நம்மிடம் குறைப்பட்டார். இந்தக் கவலை கொழும்பில் மட்டுமல்ல, ஆங்கிலேயரின் நாட்டிலும் இருந்தது. மொழியியல் அறிஞர் டேவிட் கிறிஸ்டல் 2008இல் இதைப் பற்றி ஒரு நூலே எழுதினார். குறுஞ்செய்திகளில் சுருக்கி எழுதப்படும் சொற்கள் பொதுவாகப் பத்தில் ஒன்றுக்கும் குறைவுதான் என்று அவர் காட்டினார். இங்கிலாந்தின் கொவென்ட்ரி பல்கலைக்கழக ஆய்வாளர்கள் பத்து முதல் பன்னிரண்டு வயதுப் பிள்ளைகளைப் பரிசோதித்தார்கள். சுருக்கெழுத்தை அதிகம் பயன்படுத்திய பிள்ளைகள் வாசிப்பில் பின்தங்கியிருக்கவில்லை. மாறாகச் சற்று முன்னே நின்றார்கள்.

காரணத்தை யோசித்துப் பாருங்கள். ஒரு சொல்லின் முழு ஓசையும் எழுத்தும் தெரிந்தவர்தான் அதைச் சரியாகச் சுருக்க முடியும். ஆனால் நம் பிள்ளைகளின் நிலை சற்று வேறு. இங்கிலாந்துப் பிள்ளைக்கு ஆங்கிலம் தாய்மொழி. முழு உருவம் வீட்டிலேயே காதில் விழுந்துகொண்டிருக்கும். நம் பிள்ளை பலவேளைகளில் சுருக்கத்தைத்தான் முதலில் பார்க்கிறது. முழுமை தெரியாமல் சுருக்கத்தை மட்டும் கற்றால் அது அறிவாகாது.

வீட்டில் உடுக்கும் கவுனோடு நாம் கல்யாண வீட்டுக்குப் போவதில்லை. அதற்காகக் கவுன் கூடாத உடையென்று யாரும் சொல்வதில்லை. எழுத்தும் அப்படித்தான். தோழிக்கு எழுதும் செய்தி ஒரு உடை. பரீட்சைத் தாளும் வேலைக்கான விண்ணப்பமும் வேறொரு உடை. எந்த இடத்துக்கு எது என்று பிரித்தறியும் பிள்ளையின் ஆங்கிலம் கெடாது. பிரித்தறியாத பிள்ளைக்குத்தான் ஆபத்து.

இணையம் ஆங்கிலத்துக்குப் புதுச் சொற்களையும் கொடுத்திருக்கிறது. தன்னைத்தானே எடுக்கும் படத்துக்குரிய 'செல்ஃபி' என்ற சொல்லை ஒக்ஸ்ஃபோர்ட் அகராதியார் 2013ஆம் ஆண்டின் சொல்லாகத் தெரிந்தெடுத்தார்கள். 2015இல் அவர்கள் தெரிந்தெடுத்தது ஒரு சொல்லே அல்ல. கண்ணீர் வரச் சிரிக்கும் மஞ்சள் முகம்! நமக்கு இன்னொரு மகிழ்ச்சியான செய்தி: 2016இல் ஒக்ஸ்ஃபோர்ட் ஆங்கில அகராதியில் 'ஐயோ' இடம்பிடித்தது. கட்டுமரத்தையும் மிளகுத் தண்ணீரையும் கப்பலில் ஏற்றிக்கொண்டு போன ஆங்கிலம், நம் அடுப்படி ஐயோவையும் கொண்டுபோய்விட்டது.

முகம் தெரியாத எழுத்து

அப்படியானால் கவலைப்பட ஒன்றுமில்லையா? இருக்கிறது. எழுத்துப்பிழையைவிடப் பெரிய கவலை அது.

வாயால் பேசும்போது முகம் இருக்கிறது, குரல் இருக்கிறது. "சரி" என்ற ஒரு சொல்லை அன்பாகவும் சொல்லலாம், கோபமாகவும் சொல்லலாம். எழுத்தில் அது தெரியாது. 2015இல் அமெரிக்காவின் பிங்ஹாம்ரன் பல்கலைக்கழகத்தில் ஓர் ஆய்வு செய்தார்கள். ஒற்றைச் சொல் பதிலின் முடிவில் முற்றுப்புள்ளி வைத்து அனுப்பினால், அதை வாசிப்பவர் 'இவர் மனமில்லாமல் சொல்கிறார்' என்று எடுத்துக்கொள்வது தெரியவந்தது. ஒரு புள்ளிக்கு இவ்வளவு அர்த்தம்! பாடசாலையில் புள்ளி வைக்கப் படித்த மாமி ஒழுங்காகப் புள்ளி வைக்கிறார். மாமிக்குக் கோபம் என்று மருமகள் இரவெல்லாம் தூங்காமல் கிடக்கிறாள். இப்படி எத்தனை வீடுகள்!

எல், ஓ, எல் என்றால் வாய்விட்டுச் சிரிக்கிறேன் என்று பொருள். பிரித்தானியப் பிரதமராக இருந்த டேவிட் கமரூன், அதற்கு 'மிகுந்த அன்புடன்' என்று பொருளென நினைத்துத் தம் செய்திகளின் முடிவில் எழுதிவந்தார் என்பது 2012இல் ஒரு விசாரணையில் வெளிவந்தது. ஆங்கிலேயப் பிரதமருக்கே அந்த நிலையென்றால், ஜனாஸா அறிவித்தலின் கீழே அதே மூன்றெழுத்தைப் போடும் நம் சாச்சியை என்ன சொல்வது? பாவம், அவர் அன்பைத்தான் போட்டார்!

பெருவிரலைத் தூக்கிக் காட்டும் படமும் விளையாட்டல்ல. கனடாவில் ஒரு விவசாயிக்குத் தானியம் வாங்கும் ஒப்பந்தத்தின் படம் போனில் வந்தது. அவர் பதிலுக்குப் பெருவிரலைப் போட்டார். செய்தி கிடைத்தது என்பதற்காகத்தான் போட்டேன் என்று பிறகு வாதாடினார். சம்மதம் தெரிவித்ததாகவே அது கொள்ளப்படும் என்று 2023இல் நீதிமன்றம் தீர்த்தது. 82,000 கனடிய டொலருக்கு மேல் அவர் கட்ட வேண்டியதாயிற்று. கல்யாணப் பேச்சையும் சீதனப் பேச்சையும் வாட்ஸ்அப்பில் நடத்தும் குடும்பங்கள் இதைக் கொஞ்சம் யோசிக்க வேண்டும்.

இவையெல்லாம் தூர தேசத்துக் கதைகள். நம் நாட்டில் நடந்ததை மறக்க முடியுமா? 2019 ஏப்ரல் 21இல் நடந்த கொடூரமான குண்டுத் தாக்குதல்களுக்குப் பிறகு நாடே பயத்தில் உறைந்திருந்தது. மூன்று வாரங்கள் கழிந்து மே 12ஆம் திகதி, சிலாபத்தில் ஒரு முஸ்லிம் கடைக்காரர் ஃபேஸ்புக்கில் நடந்த ஒரு வாக்குவாதத்தில் ஒரு வரி எழுதினார். எதிரே இருந்தவர் சிங்களத்தில், தங்களை அழவைப்பது கஷ்டம் என்று ஓர் ஏளனச் சொல்லையும் சேர்த்து எழுதியிருந்தார். இவர் ஆங்கிலத்தில், அதிகம் சிரிக்காதீர்கள், ஒருநாள் அழுவீர்கள் என்ற கருத்தில் பதில் எழுதினார். அதுவும் இலக்கத்தையும் ஒற்றை எழுத்தையும் போட்டுச் சுருக்கிய போன் ஆங்கிலம்.

வாக்குவாதத்தில் யாரும் சொல்லக்கூடிய வார்த்தைதான். ஆனால் அந்த வரியை மட்டும் கண்ட அவ்வூர் மக்கள், இன்னொரு தாக்குதல் வரப்போகிறது என்று பயந்தார்கள். கூட்டம் கூடியது. கடை நொறுங்கியது. அருகிலிருந்த பள்ளிவாசலும் தாக்கப்பட்டது. எழுதியவர் கைதானார். ஊரடங்குச் சட்டம் வந்தது. மறுநாள் ஃபேஸ்புக்கையும் வாட்ஸ்அப்பையும் அரசாங்கம் தடைசெய்தது. அதற்குள் குளியாப்பிட்டி, ஹெட்டிபொல, மினுவாங்கொடை என்று நெருப்புப் பரவிவிட்டது. நாத்தாண்டியப் பகுதியில் ஒரு முஸ்லிம் சகோதரர் வெட்டிக் கொல்லப்பட்டார்.

அந்த ஒரு வரிதான் எல்லாவற்றுக்கும் காரணம் என்று நாம் சொல்லவில்லை. வெறுப்பு ஏற்கனவே காய்ந்த விறகாக அடுக்கிக் கிடந்தது. அக்கிரமம் செய்தவர்களின் பாவம் அவர்களுக்கே. ஆனாலும் முகமும் குரலும் இல்லாத அரைகுறை வரி பயந்திருக்கும் மனிதர்களின் கண்ணில் பட்டால் என்னவாக மாறும் என்பதை அந்த நாட்கள் நமக்குக் காட்டின. அதை நம் ஆண் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுக்க வேண்டியது தாய்மாராகிய நாம்தான்.

வலியா, வழியா?

இனி வீட்டுக்குள் வருவோம். எமக்குத் தெரிந்த இரண்டு சகோதரிகள். தாத்தா கொட்டாஞ்சேனையில், தங்கச்சி வெள்ளவத்தையில். தாத்தா கணவரை இழந்தவர்; தையல் தைத்துக் குடும்பத்தை நடத்துகிறார். பிரஷருக்கு நாளாந்தம் குளிசை குடிக்க வேண்டும். 2022ஆம் ஆண்டு. எண்ணெய்க்குக் கியூ, எரிவாயுவுக்குக் கியூ; பாமசியில் மருந்தின் விலை கேட்டாலே மயக்கம் வரும் காலம். தாத்தா ஒருநாள் தங்கச்சிக்குத் தமிழை ஆங்கில எழுத்தில் இப்படி அனுப்பினார்: "குளிசை முடிஞ்சி. இப்ப வழி இல்ல."

ஆங்கில எழுத்தில் 'வழி'யை எப்படி எழுதுவது? வீ, ஏ, எல், ஐ என்று நான்கு எழுத்தைப் போட்டிருந்தார். தங்கச்சி வாசித்தது 'வலி' என்று. குளிசை குடித்து முடிந்தது, இப்போது வலி இல்லை! முழங்கால் வலிக்கும் தாத்தா மருந்து குடித்து வந்தது அவளுக்குத் தெரியும். மனமெல்லாம் மகிழ்ச்சி. 'அல்ஹம்துலில்லாஹ்' என்று எழுதி, ஒரு பூவையும் ஒரு சிரிக்கும் முகத்தையும் போட்டு அனுப்பினாள்.

தாத்தாவின் நிலையை நினைத்துப் பாருங்கள். பிறந்த நாள்முதல் எதையும் யாரிடமும் கேட்டறியாதவர். வெட்கத்தை விழுங்கிக்கொண்டு கூடப்பிறந்தவளிடம் மட்டும் கேட்டார். பதிலுக்கு வந்தது பூவும் சிரிப்பும். அதற்குப் பிறகு அவர் ஒன்றும் எழுதவில்லை. போன் எடுத்தாலும் தூக்கவில்லை. ஒன்பதாம் நாள் தங்கச்சி பஸ் பிடித்து நேரே வந்துவிட்டாள். கதவைத் திறந்த தாத்தாவின் முகம் வீங்கியிருந்தது. தலைச்சுற்றில் விழுந்து நெற்றியில் காயமும் பட்டிருந்தது.

"குளிசை குடிச்சி முடிஞ்சி, வலி இல்லன்டு தானே தாத்தா எழுதினீங்க?" என்று அவள் அழுதாள்.

"வலி இல்லடி, வழி! குளிசை வாங்க வழி இல்லன்டு எழுதினேன். நீ பூ அனுப்பினாய்" என்றார் தாத்தா.

அல்லாஹ்வின் கிருபையால் அன்றே டொக்டரிடம் காட்டினார்கள், ஆபத்து ஒன்றுமில்லை. ஆனால் அந்த ஒன்பது நாட்களை யார் திருப்பித் தருவது? தமிழில் எழுதியிருந்தால் வலிக்கும் வழிக்கும் ஓர் எழுத்து வித்தியாசம் கண்ணில் பட்டிருக்கும். வாயால் சொல்லியிருந்தால் காதில் விழுந்திருக்கும். ஆங்கில எழுத்தில் இரண்டும் ஒன்றாகிவிட்டது.

இப்படி எத்தனையோ சொற்கள். 'பள்ளி'யும் 'பல்லி'யும் ஒரே எழுத்துக்கள்தான். "வாப்பா பள்ளியில் இருக்கிறார்" என்ற செய்தியைப் பேரன் பல்லி என்று வாசித்து விழுந்து விழுந்து சிரித்தானாம். பால், பல் இரண்டையும் ஒரேமாதிரி எழுதுகின்றோம். சிரிக்கக்கூடிய இடத்தில் சிரிப்போம். மருந்திலும் காசிலும் மனத்தாங்கலிலும் இது சிரிப்பாக முடிவதில்லை.

பெட்டிக்குள் கிடக்கும் எழுத்து

"தமிழை வேற்று எழுத்தில் எழுதினால் என்ன குற்றம்? நம் முன்னோர் எழுதவில்லையா?" என்று ஒரு சகோதரி கேட்கலாம். நல்ல கேள்வி. எழுதினார்கள், அழகாகவே எழுதினார்கள். அதுதான் அறபுத்தமிழ்.

ஓதப் பள்ளியில் அலிஃப், பா, தா படித்த பெண்களுக்கு அறபு எழுத்துத் தெரியும். தமிழ் எழுத்துத் தெரியாதவர்கள் பலர். அவர்களும் மார்க்கத்தை அறிய வேண்டுமென்றுதான் உலமாக்கள் தமிழை அறபு எழுத்தில் எழுதினார்கள். அறபியில் இல்லாத ட, ப, ண போன்ற ஒலிகளுக்கு அறபு எழுத்துக்களிலேயே புள்ளிகளையும் குறிகளையும் கூட்டிப் புதிய எழுத்துக்களை உருவாக்கினார்கள். கீழக்கரையின் இமாமுல் அரூஸ் செய்யிது முஹம்மது ஆலிம் அவர்களும், பேருவளையின் ஷெய்கு முஸ்தபா வலியுல்லாஹ் அவர்களும் பத்தொன்பதாம் நூற்றாண்டில் அந்த எழுத்திலே ஆக்கித் தந்த நூல்கள் நம் பாட்டிமாரின் கைகளில் தவழ்ந்தன. முஸ்தபா வலியுல்லாஹ் அவர்கள் குர்ஆனுக்கே அறபுத்தமிழில் விளக்கம் எழுதினார்கள். 1882இல் 'முஸ்லிம் நேசன்' பத்திரிகையைத் தொடங்கிய அறிஞர் சித்திலெவ்வை அவர்களின் காலம் அது.

இப்போது சொல்லுங்கள், உங்கள் வீட்டில் அதை வாசிக்கத் தெரிந்தவர் யார்? தமிழ் எழுத்தில் நூல்கள் பெருகின, பெண் பிள்ளைகள் பாடசாலைக்குப் போனார்கள். அது நல்லதுதான். ஆனால் மூன்று தலைமுறைக்குள் அறபுத்தமிழ் பெட்டிக்குள் போய்விட்டது. உம்மும்மாவின் பெட்டியில் கிடக்கும் மஞ்சளித்த நூலை நாம் திறந்து பார்க்கிறோம். எழுத்துத் தெரிகிறது, ஆனால் ஓதவும் வரவில்லை, விளங்கவும் இல்லை. அது நம் தாய்மொழிதான் என்றுகூடப் பலருக்குத் தெரியாது.

அறபுத்தமிழுக்கு ஒரு முறை இருந்தது, ஒலிக்கு ஓர் எழுத்து இருந்தது, கிதாபுகள் இருந்தன. அப்படிப்பட்ட எழுத்துக்கே இந்தக் கதியென்றால், முறையே இல்லாத இந்தப் போன் எழுத்துக்கு என்ன நடக்கும்? 2001க்குப் பிறகு அரசாங்கப் பாடசாலைகளிலும் ஆங்கில மொழிமூலம் மீண்டும் வந்தது. சர்வதேசப் பாடசாலைகளும் பெருகிவிட்டன. சிங்கள மொழிமூலம் படிக்கும் நம் பிள்ளைகளும் இருக்கிறார்கள். இதையெல்லாம் நாம் குறை சொல்லவில்லை. ஆனால் தமிழில் பேசத் தெரிந்து, தமிழ் எழுத்து ஒன்றையும் வாசிக்கத் தெரியாத பிள்ளைகள் கொழும்பில் வளர்ந்துகொண்டிருக்கிறார்கள். நாளை நாம் எழுதிவைக்கும் கடிதமும் சமையல் குறிப்பும் வஸிய்யத்தும் அவர்களுக்கு இன்னொரு பெட்டிக்குள் கிடக்கும் எழுத்தாகிவிடக் கூடாதல்லவா?

நாம் என்ன செய்யலாம்?

போனை உடைக்க வேண்டாம். பிள்ளையை ஏசவும் வேண்டாம். செய்யக்கூடியவை சில உண்டு.

முதலாவது, ஸலாம். எழுத்துக்களைச் சுருக்கக் கற்றுக் கொடுத்த அதே போன் விரிக்கவும் செய்யும். போனின் விசைப்பலகை அமைப்புக்குள் போனால், இரண்டு எழுத்துத் தட்டியதும் முழு வசனமாக மாற்றித் தரும் வசதி இருக்கிறது. அதில் முழு ஸலாத்தையும், ஜஸாகல்லாஹு கைரன், இன்னாலில்லாஹி வஇன்னா இலைஹி ராஜிஊன் ஆகியவற்றையும் ஒருமுறை பதிந்து வையுங்கள். மகளிடமே கேளுங்கள், ஐந்து நிமிடத்தில் செய்து தருவாள். அதன்பிறகு விரலுக்கு இரண்டு எழுத்து. வாசிப்பவருக்கு முழு ஸலாம்.

இரண்டாவது, தமிழ். இன்றைய போன்கள் எல்லாவற்றிலும் தமிழ் விசைப்பலகை உண்டு. ஆங்கில எழுத்தைத் தட்டினால் தமிழாக மாற்றித் தருவது உண்டு. விரலால் எழுதினால் புரிந்துகொள்வதும், பேசினால் எழுதித் தருவதும்கூட உண்டு. கட்டமாகத் தெரிந்த காலமும் எழுத்துக்குக் காசு கொடுத்த காலமும் போய்விட்டன. காரணம் போன பிறகும் பழக்கம் மட்டும் ஏன்?

மூன்றாவது, குரல். நினைவிருக்கிறதா? 1980களில் கணவர் சவூதியிலும் குவைத்திலும் இருக்க, நம் பெண்கள் கஸெட்டில் பேசி அனுப்பினார்கள். பிள்ளையின் அழுகையும் காகத்தின் சத்தமும்கூட அதில் பதிந்திருக்கும். கேட்பவர் ஊரையே கேட்பார். இன்றைய குரல் செய்தி அந்தக் கஸெட்தான். மருந்து, காசு, கல்யாணம், மனத்தாங்கல் ஆகிய நான்கையும் எழுத்தில் வைக்காதீர்கள். குரலில் சொல்லுங்கள், அல்லது நேரில் போய்ப் பேசுங்கள்.

நான்காவது, கோபம். கோபத்தில் எழுதிய வரியை அனுப்புமுன் போனை வைத்துவிட்டு வுழூச் செய்துவிட்டு வாருங்கள். திரும்பி வந்து வாசித்தால் பாதி அழிந்துபோகும். பிள்ளைகளுக்கும் இதைப் பழக்குங்கள். பிறருக்கு விளங்காத மொழியில், விளங்காத சுருக்கத்தில், முன்பின் தெரியாதவரோடு வாதாட வேண்டாமென்று சொல்லிக் கொடுங்கள். சிலாபத்தைச் சொல்லியே கொடுங்கள்.

ஐந்தாவது, வாசிப்பு. ஆங்கிலம் வேண்டும், நன்றாகவே வேண்டும். அதற்கு வழி முழு வசனங்களை வாசிப்பது. நாளுக்கு ஒரு பக்கம் ஆங்கிலம், ஒரு பக்கம் தமிழ். ஜும்ஆ நாள் பின்னேரம் பிள்ளை உம்மும்மாவுக்கு அருகில் உட்கார்ந்து தமிழில் ஒரு பக்கம் வாசித்துக் காட்டட்டும். உம்மும்மாவுக்கும் பொழுது போகும். பிள்ளைக்கும் எழுத்து வரும்.

ஸைத் இப்னு ஸாபித் (ரலி) அவர்களை நினைத்துப் பாருங்கள். யூதர்களோடு நடக்கும் கடிதப் போக்குவரத்தில் நம்பிக்கையான ஒருவர் தேவை என்பதற்காக, அவர்களின் எழுத்தைக் கற்கும்படி நபி (ஸல்) அவர்கள் பணித்தார்கள். அரை மாதத்துக்குள் அவர் அதைக் கற்றுக்கொண்டார். அந்நிய எழுத்தை அரை மாதத்தில் கற்ற சமுதாயம் நாம். நம் தாய்மொழியின் எழுத்தைப் பிள்ளைக்குக் கற்றுக்கொடுக்க நமக்கு எத்தனை மாதம் வேண்டும்?

கொட்டாஞ்சேனைத் தாத்தா இப்போது தமிழில்தான் எழுதுகிறார். தங்கச்சியின் மகள்தான் அவருக்கு விசைப்பலகையைப் போட்டுக் கொடுத்தாள். அவர் எழுதிய முதல் செய்தி மூன்றே வரிகள்: முழு ஸலாம், பிள்ளைகளின் சுகம் கேட்ட ஒரு வரி, பிறகு "இன்று வலியும் இல்லை, வழியும் இருக்கிறது, அல்ஹம்துலில்லாஹ்." தங்கச்சி அதை அழிக்காமல் இன்னும் வைத்திருக்கிறாள்.

சகோதரிகளே, இதை வாசித்து முடித்ததும் உங்களுக்கு மிகவும் வேண்டிய ஒருவருக்கு ஒரு செய்தி எழுதுங்கள். ஸலாத்தை முழுமையாகவே எழுதுங்கள். இன்ஷா அல்லாஹ், பதிலும் முழுமையாகவே வரும்.

வஅலைக்குமுஸ்ஸலாம் வரஹ்மத்துல்லாஹி வபரகாத்துஹு.